எங்கள் கடையில் இல்லாத சொல்

வாடிப்பட்டியில் என் அப்பா வைத்திருந்த பலசரக்குக் கடையில் ஒரு சொல்லுக்கு மட்டும் இடம் கிடையாது. 'இல்லை' என்று யாரும் அங்கே சொல்லக் கூடாது. மல்லி தீர்ந்திருக்கும். கேட்டு வந்தவரிடம் அப்பா, "சாயங்காலம் வந்துரும்ணே" என்பார். சாயங்காலமும் வராது என்று தெரிந்தால், "லோடு வந்துக்கிட்டு இருக்கு" என்பார். வாடிக்கைக்காரர்களுக்கு இந்தப் பாஷை பழக்கம். 'லோடு வருது' என்று அப்பா சொன்னால் பேசாமல் எதிர்க்கடைக்குப் போய்விடுவார்கள்.

வீட்டிலும் அதே சட்டம். அரிசிப் பானை காலியானால் அம்மா, "அரிசி நெறஞ்சிருக்கு" என்பாள். சின்ன வயதில் நான் ஒருமுறை கடை வாசலில் நின்றுகொண்டு, "அம்மா அரிசி இல்லைங்குது" என்று உரக்கச் சொல்லித் தலையில் ஒரு குட்டு வாங்கினேன். வியாபாரம் நடக்கும் இடத்தில் அந்தச் சொல் காதில் விழுந்தாலே தரித்திரம் என்பது அவர்கள் நம்பிக்கை.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அப்பாவுக்கு மனக்கணக்கு உண்டு, கையெழுத்துப் போடவும் தெரியும். அதற்கு மேல் எழுத்து இல்லை. சரக்கெடுக்க மதுரைக்குப் போகும்போது என்னையும் கூட்டிப் போவார். நான் வழியெல்லாம் போர்டுகளை வாசித்துக்கொண்டே வருவேன். அவருக்கு அது பெருமை. பஸ்ஸில் பக்கத்தில் இருப்பவர்கள் திரும்பிப் பார்க்க வேண்டும் என்பதற்காகவே, "அது என்ன போட்டிருக்கு பாப்பா?" என்று சத்தமாகக் கேட்பார்.

ஒருநாள் ஒரு தெருமுனையில் 'நோ என்ட்ரி' என்ற பலகையைக் காட்டிக் கேட்டார்.

"உள்ள வரக் கூடாதுன்னு போட்டிருக்குப்பா."

"வரக் கூடாதுங்கிறது எது?"

"முன்னால இருக்கே ரெண்டு எழுத்து, நோ. அதுதான்."

அப்பா பலகையைச் சுற்றிப் போய்ப் பின்புறத்தையும் பார்த்தார். "ஏன் வரக் கூடாதுன்னு ஒண்ணும் போடலியே?"

"அதெல்லாம் போட மாட்டாங்க."

"அதெப்படி?" என்றார். அந்தத் தெரு முழுக்க மாட்டு வண்டிகள் நின்றிருந்தன. காரணம் சொல்லாத பலகையை அவற்றின் சொந்தக்காரர்களும் மதிக்கவில்லை போலும்.

கல்லூரிக்கு வந்த பிறகுதான் அந்த ரெண்டெழுத்தை நான் கவனிக்க ஆரம்பித்தேன். நமக்கு 'இல்லை' வேறு, 'வேண்டாம்' வேறு, 'முடியாது', 'கூடாது', 'மாட்டேன்', 'கிடையாது' எல்லாம் வேறு வேறு. இத்தனையையும் வைத்துக்கொண்டு எங்கள் வீட்டில் ஒன்றைக்கூட வாயால் சொல்வதில்லை. இங்கிலீஷ்காரனோ ஒரே சொல்லை வைத்துக்கொண்டு எல்லா இடத்திலும் சமாளிக்கிறான்.

அதை நேரில் பார்த்தது மதுரை கே.கே. நகரில், என் கல்லூரித் தோழியின் வீட்டில். அவள் அப்பா ஓர் அலுவலகத்தில் கிளார்க், அம்மா மிஷன் பள்ளியில் டீச்சர். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போய் வந்ததும் அவர்கள் வீட்டில் தோசை. ஒரு ஞாயிறு என்னையும் கூப்பிட்டிருந்தாள். அவள் அம்மா தோசைக் கரண்டியோடு வந்து, "இன்னொண்ணு வைக்கட்டா?" என்றால் இவள், "நோம்மா" என்பாள். அப்பா, "சாயங்காலம் சித்தப்பா வீட்டுக்குப் போவமா?" என்றால், "நோப்பா, பரீட்சை இருக்கு." நான் பயந்துபோய் அவள் அப்பாவின் முகத்தைப் பார்த்தேன். அவர் "சரி" என்று பேப்பரைப் புரட்டினார்.

அடுப்பில் பால் பொங்கி வழிந்தபோது டீச்சரம்மா, "ஓ நோ" என்று ஓடினார். நாய்க்குட்டி செருப்பைக் கவ்வியபோது, "நோ, நோ." நான் தேங்க்ஸ் சொன்னபோது, "நோ மென்ஷன்." என் தட்டில் தோசையைப் போடும்போது, "நீ இன்னொண்ணு சாப்பிடுவ, நோ?" இதில் எந்த நோவுக்கு என்ன பதில் சொல்வது என்று தெரியாமல், வந்த தோசையையெல்லாம் தின்றேன்.

மொட்டை மாடிக்கு ஏற முடியாமல் மூச்சு வாங்கியபோது தோழி சிரித்தாள். "ஏண்டி இம்புட்டுத் தின்னே? வேணாம்னா நோ சொல்ல வேண்டியதுதானே?"

"உங்கம்மா என்ன நெனைப்பாங்க?"

"வயிறு நெறஞ்சிருச்சுன்னு நெனைப்பாங்க. வேற என்ன நெனைப்பாங்க?"

அன்று ஊருக்குத் திரும்பும்போது பஸ்ஸில் கண்டக்டர், "உள்ள தள்ளிப் போம்மா" என்றார். பழகிப் பார்ப்போமே என்று, "நோ" என்றேன்.

"நோவா? அப்ப எறங்கிக்கத்தா, அடுத்த வண்டியில எஸ்ஸுன்னு சொல்லி ஏறிக்க" என்றார். பஸ்ஸே சிரித்தது. நான் உள்ளே தள்ளிப் போனேன்.

படிப்பு முடிந்த வருஷம் எனக்கு டெலிபோன் ஆபரேட்டர் வேலைக்கு உத்தரவு வந்தது. ஆவணி மாதம் மதுரையில் பயிற்சியில் சேர வேண்டும். எங்கள் தெருவில் போன் உள்ள வீடே கிடையாது. அப்பா அந்தக் காகிதத்தைக் கல்லாவுக்கு மேல் சாமி படத்தின் கீழ் வைத்து, வருகிறவர்களிடமெல்லாம், "எம்மக இனிமே டில்லிக்கே பேசும்" என்றார்.

அந்த வாரமே வெள்ளிக்கிழமை அத்தை வந்தார். அப்பாவின் அக்கா, ஒத்தக்கடையில் இருப்பவர். தாய் இல்லாமல் போன அப்பாவை, தன் கல்யாணத்தையே தள்ளிப்போட்டு வளர்த்தவர். அத்தையின் எதிரில் அப்பா இன்றும் உட்கார மாட்டார். அத்தைக்கு ஒரே மகன். மேலூர் ரோட்டில் சைக்கிள் கடை வைத்திருந்தார். முறைக்கு எனக்கு அத்தான். நல்ல மனிதர், குடிப்பதில்லை, அதிர்ந்து பேசுவதுமில்லை.

அத்தை கையில் பித்தளைத் தாம்பாளம் இருந்தது. தேங்காய், வாழைப்பழம், வெற்றிலை, ஒரு பந்து மல்லிகைப்பூ.

"தம்பி, எம்மருமகள நான் கூட்டிட்டுப் போறேன். ஆவணியில வச்சுருவோம்" என்றார்.

"பாப்பாவுக்கு வேலைக்கு உத்தரவு வந்திருக்குக்கா" என்றார் அப்பா மெதுவாக.

"வேலை எதுக்கு? எம்மகன் சம்பாதிக்கிறது பத்தாதா? அதுவும் ராத்திரிக்கெல்லாம் போய் உக்காரணுமாம்ல. அதெல்லாம் நமக்குச் சரிப்படாது."

அப்பா தூணைப் பார்த்தார். "பாப்போம்க்கா" என்றார்.

எங்கள் கடையில் 'பாப்போம்' என்றால் 'லோடு வருது' என்பதற்கும் ஒரு படி மேல். அதாவது, நடக்காது. ஆனால் அத்தை வாடிக்கைக்காரர் அல்லவே. அக்காவிடம் தம்பி சொல்கிற 'பாப்போம்' அவருக்கு, 'ஏற்பாட்டைப் பார்ப்போம்' என்று பட்டிருக்க வேண்டும். போதாததற்கு வெள்ளிக்கிழமை வீடு தேடி வந்த தட்டைத் திருப்பி அனுப்பக் கூடாது என்று அம்மா அதை வாங்கி உள்ளே வைத்துவிட்டாள். அத்தை தன் கையாலேயே அம்மா தலையில் பூவையும் வைத்துவிட்டுப் போனார். பூ வாங்கி வைத்தாயிற்றென்றால் எங்கள் பக்கம் பேச்சு முடிந்தது என்று அர்த்தம்.

அது எங்களுக்கு உறைக்க நாலைந்து நாள் ஆனது. மேலூர்ப் பக்கம் போய் வரும் லாரிக்காரர் ஒருவர் கடையில் பீடி வாங்கிக்கொண்டே, "என்ன மாப்ள, ஆவணியில மக கல்யாணமாம். ஒத்தக்கடையே பேசுது, எங்களுக்குச் சொல்லலியே" என்றார்.

"பாப்போம்" என்றார் அப்பா.

நான் உள்ளே கேட்டுக்கொண்டிருந்தேன். இந்த மனிதர் கல்யாணப் பந்தலிலும் 'பாப்போம்' என்றுதான் நிற்பார் என்று தோன்றியது. ஆவணியில் நான் சேர வேண்டிய இடம் ஒன்று. ஊர் என்னைச் சேர்த்துவிட்ட இடம் வேறு. இரண்டில் ஒன்றுதான் நடக்கும்.

அன்று பின்கட்டில் பூ கட்டிக்கொண்டிருந்த அம்மா என்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்கார வைத்தாள்.

"ஏ புள்ள, நெசமா உனக்கு இஷ்டம் இல்லியா?"

"இல்லம்மா."

"அப்பச் சரி. பூப்போட்டுப் பாத்துருவோம்."

எங்கள் வழக்கம் அது. ஒரு காரியம் செய்யலாமா, கூடாதா என்று தெரிய வேண்டுமானால் அம்மன் முன்னால் இரண்டு இலைப் பொட்டலம் வைப்பார்கள். ஒன்றில் வெள்ளைப் பூ, ஒன்றில் சிவப்பு. சின்னப் பிள்ளை யாரையாவது கூப்பிட்டு ஒரு பொட்டலத்தை எடுக்கச் சொல்வார்கள். வெள்ளை வந்தால் உத்தரவு. சிவப்பு வந்தால் சாமிக்குச் சம்மதமில்லை, பேச்சை விட்டுவிட வேண்டும். யாரும் யாரையும் குறை சொல்ல முடியாது.

"வெள்ளை வந்துட்டா?" என்றேன்.

அம்மா அக்கம்பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "எப்புடி வரும்? பொட்டலம் கட்டப்போறது நான்தான. ரெண்டுலயும் செவப்பு அரளிய வச்சுருவேன்."

எனக்கு முதலில் சிரிப்பு வந்தது. பிறகுதான் அவள் எவ்வளவு பெரிய காரியத்துக்குத் துணிந்திருக்கிறாள் என்று புரிந்தது. கோயிலில் செருப்புக் காலோடு போகிறவர்களைக் கண்டாலே கன்னத்தில் போட்டுக்கொள்பவள் அம்மா.

"சாமி கோவிச்சுக்காதா?"

"அது நம்ம ஆத்தாதான. நான் கும்புட்டுக் கேட்டுக்குவேன். உங்க அத்தைக்கும் நாலு பேருகிட்ட மானம் போகாது. உங்கப்பாவுக்கும் வாய் வலிக்காது."

சரி என்று தலையாட்டியிருந்தால் அன்றே எல்லாம் முடிந்திருக்கும். ஆட்டத்தான் நினைத்தேன். ஆனால் ஒன்று உறுத்தியது. இந்த வருஷம் சாமி வேண்டாம் என்றால் அத்தை அடுத்த வருஷம் வேறு சாமியைக் கேட்கச் சொல்வார். அத்தையை விட்டால் இன்னொருவர் வருவார். ஒவ்வொரு தடவையும் அம்மா அரளி பறிக்க வேண்டுமா? அம்புட்டுப் படித்து, டில்லிக்கே பேசப்போகிற எனக்கு, ஒத்தக்கடைக்குப் பேச வாய் இல்லையா? எனக்கு அப்போது திமிர் அதிகம். அதைக் குறைத்துக்கொள்ள வேண்டும் என்று இன்றும் எனக்குத் தோன்றவில்லை.

"நோம்மா" என்றேன்.

"என்னது?"

"வேணாம்மா. நானே போய் அத்தைகிட்டச் சொல்றேன்."

"என்னன்னு சொல்லுவ?"

"வேணாம்னு சொல்லுவேன்."

"வெறும் வேணாமா? அது எப்புடிச் சொல்ல முடியும்?" அப்பா அன்று பலகையைப் பார்த்தது போலவே அம்மா என்னைப் பார்த்தாள்.

மறுநாள் காலை தாம்பாளத்தைப் புளி போட்டு விளக்கி, கடை வழியாகப் புறப்பட்டேன். அப்பா சீனி நிறுத்துக்கொண்டிருந்தார். அம்மா எல்லாம் சொல்லியிருந்தாள். அவர் என்னை ஏறிட்டுப் பார்க்கவில்லை. தாம்பாளத்தைத்தான் பார்த்தார்.

"வெறுந்தட்டாவா கொண்டு போறே?" என்றார்.

ஒருவர் வீட்டுப் பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பிக் கொடுப்பது எங்கள் பக்கம் அவமரியாதை. நான் அதை யோசிக்கவே இல்லை. அப்பா தட்டைக் கையிலிருந்து வாங்கினார். மூட்டையில் கைவிட்டு, நிறுக்காமல், இரண்டு கையாலும் சீனியை அள்ளிக் கும்பலாகப் போட்டார். மேலே பேப்பரை மூடிச் சணலால் கட்டினார். கடையில் அப்பா ஒரு பொருளை நிறுக்காமல் எடுத்து நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

"பஸ்ஸுல சாய்ச்சிராத" என்றார்.

மதுரைக்கு ஒரு பஸ், அங்கிருந்து மேலூர் பஸ். மடியில் தாம்பாளம். யானைமலை தெரிந்ததும், ஒத்தக்கடை வந்துவிட்டதென்று எழுந்து படிக்கட்டுக்கு வந்தேன்.

அத்தை வீடு சைக்கிள் கடைக்குப் பின்னால். என்னைக் கண்டதும் அத்தைக்கு முகமெல்லாம் சிரிப்பு. "வாத்தா மருமகளே. இம்புட்டு வெயில்ல ஒத்தையிலயா வந்தே? உங்கப்பனுக்குக் கடைய விட்டு எந்திரிக்க முடியலியாமா?" என்று தண்ணீர் கொண்டுவந்தார். குடித்துவிட்டுச் சொன்னேன்.

"தட்டைத் திருப்பிக் குடுக்க வந்தேன் அத்தை. இந்தக் கல்யாணம் எனக்கு வேணாம்."

அத்தை செம்பை வாங்கிக் கீழே வைத்தார். "சாதகத்துல ஏதும் இடிக்குதா?" என்றார்.

"இல்லத்தே. பாக்கவே இல்ல."

"ஒடம்புக்கு ஏதும் இருக்கா? சொல்லு, வைத்தியம் பாத்துக்கலாம்."

"நல்லாத்தான் இருக்கேன்."

"சாமி கேட்டீகளா? செவப்பு வந்துச்சா?"

"கேக்கல."

எனக்கு வெளியேற ஒவ்வொரு வாசலாக அவரே திறந்து காட்டுகிறார் என்று தெரிந்தது. ஏதோ ஒன்றில் நுழைந்திருந்தால் அவரும் தப்பித்திருப்பார், நானும் தப்பித்திருப்பேன். நான் நின்ற இடத்திலேயே நின்றேன்.

"அப்ப வேலையா? அந்தப் போனு வேலையா?"

"ஆமா, ஆவணியில சேரணும்."

கடையிலிருந்து அத்தான் கையில் கிரீஸோடு வந்து கதவோரம் நின்றிருந்தார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை. "வேலைதான் காரணம்னா வேலைக்குப் போகட்டும்மா. நான் ஒண்ணும் தடுக்கல" என்றார். "ராத்திரி டூட்டின்னா நானே சைக்கிள்ல கொண்டுபோய் விடுறேன்."

அந்த நிமிஷம் வரை, வேலைக்காகத்தான் மறுக்கிறேன் என்று நானும் நம்பியிருந்தேன். அவர் அந்தக் காரணத்தை அன்பாக என் கையிலிருந்து எடுத்துவிட்டார். இப்போது என்னிடம் ஒன்றுமே இல்லை. கே.கே. நகரில் தோசைத் தட்டின் முன்னால் உட்கார்ந்திருந்தது நினைவுக்கு வந்தது. அங்கே என்னால் சொல்ல முடியவில்லை.

"எங்கிட்ட என்ன கொறை?" என்றார் அத்தான்.

"ஒரு கொறையும் இல்ல அத்தான். எனக்கு வேணாம். அம்புட்டுதான்."

அவர் கையைத் துணியில் துடைத்துக்கொண்டே இருந்தார். கிரீஸ் போகவில்லை. பிறகு திரும்பிக் கடைக்குப் போய்விட்டார்.

அத்தை என்னை ஏசினார். "நாலெழுத்துப் படிச்சா நாக்கு நீளுமாக்கும்" என்றார். "எவனையாவது பாத்து வச்சிருக்கியா?" என்றார். இல்லை என்றேன். "அதாவது இருந்தாத் தேவலை. ஒண்ணும் இல்லாம வேணாம்னா ஊருல என்னன்னு சொல்லுவேன்?" என்றபோது அவர் குரல் உடைந்தது. ஊருக்கு அவர் ஏதாவது காரணம் சொல்லித்தான் ஆக வேண்டும். அந்தச் சுமையை அவர் தலையில் வைத்துவிட்டுத்தான் நான் போகிறேன். அது தெரிந்தும் தாம்பாளத்தை நீட்டினேன்.

அவர் சணலை அவிழ்த்துப் பேப்பரை நீக்கினார். சீனியைப் பார்த்தார்.

"இது யாரு போட்டது? உங்காத்தாளா?"

"அப்பா."

அத்தை சீனியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தட்டைக் கொண்டுபோய் உள்ளே அலமாரியில் வைத்தார். தம்பியின் பாஷை அவருக்கு இப்போது விளங்கிவிட்டது. பூவுக்குப் பதில் சீனி. அப்பா தன் வாழ்நாளில் அக்காவிடம் சொன்ன ஒரே மறுப்பு அதுவாகத்தான் இருக்கும்.

"போயிட்டு வாரேன் அத்தை" என்றேன்.

எங்கள் பக்கம் இதற்கு ஒரே பதில்தான் உண்டு. சண்டையாக இருந்தாலும், சாவு வீட்டிலிருந்து கிளம்புகிறவரைத் தவிர வேறு யாரையும், 'போயிட்டு வா' என்றுதான் அனுப்புவார்கள். அத்தை அடுப்படியிலிருந்து திரும்பாமல் சொன்னார்.

"போ."

பஸ் ஸ்டாப் வரை அந்த ஒற்றைச் சொல் கூடவே வந்தது. அழுகை வந்தது, அழுதேன். ஆனால் திரும்பிப் போய், ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்கத் தோன்றவில்லை. நான் காரணம் சொல்லவில்லை. அவரும் சொல்ல வேண்டியதில்லை.

ஆவணியில் சேர்ந்தேன். காதில் ஹெட்போன், எதிரே போர்டில் விளக்குகள், ஒவ்வொன்றும் ஓர் அழைப்பு. வெளியூருக்கு டிரங்க் கால் போட்டவர்கள் காத்திருப்பார்கள். அந்தப் பக்கம் மணி அடித்து அடித்து ஓயும். "நோ ரிப்ளை சார்" என்று நாங்கள் சொல்ல வேண்டும். ஆரம்பத்தில் எனக்கு வாய் வரவில்லை. "கொஞ்ச நேரம் கழிச்சு எடுத்தாலும் எடுப்பாங்க சார்" என்றுதான் வந்தது. எங்கள் கடையின் லோடு. பக்கத்து நாற்காலியில் இருந்த சீனியர் அக்கா, "நீ என்ன, அவர் வீட்டுச் சொந்தக்காரியா? உள்ளதச் சொல்லிட்டு அடுத்த விளக்கைப் பாரு" என்றார். கத்துகிறவர்கள் கத்துவார்கள். கெஞ்சுகிறவர்களும் உண்டு. இப்போதெல்லாம் என்னால் அந்த இரண்டு வார்த்தையைக் கோபமில்லாமலும் குழைவில்லாமலும் சொல்ல முடிகிறது.

அத்தானுக்கு அடுத்த தையில் கல்யாணம் நடந்தது. அப்பாவும் அம்மாவும் போனார்கள். எனக்கு அழைப்பில்லை. இன்றும் பொங்கல் கழிந்து ஒரு நாள் நான் மட்டும் ஒத்தக்கடைக்குப் போகிறேன். அத்தை தண்ணீர் கொடுப்பார். அத்தான் மகனுக்கு நான் கொண்டுபோகும் பலகாரத்தை வாங்கிக்கொள்வார். பேச மாட்டார். அந்தத் தாம்பாளம் அலமாரியில் பளபளவென்று இருக்கும். எழுந்திருக்கும்போது, "போயிட்டு வாரேன் அத்தை" என்பேன். அவர் பதில் சொல்வதில்லை. முன்பு சொன்ன அந்த ஒற்றைச் சொல்லையும் இப்போது சொல்வதில்லை.

வரும் பொங்கலுக்கும் போவேன்.